சைக்கிள் துரையின் கேள்வி

அக்கா,

நம்முடைய சைக்கிள் துரை மறுபடியும் வந்துவிட்டார்.

நேற்றுக் காலை சாம்பியன் ஸ்டேஷனில் ரயிலுக்கு நின்றபோது கைப்பேசி அதிர்ந்தது. யாராவது தேடுகிறார்களோ என்று எடுத்துப் பார்த்தேன். அந்த ஜெர்மன் தொடரின் இரண்டாம் பாகம் வந்துவிட்டதாம், நான் பார்க்கத் தவறக் கூடாதாம். திரையில் அதே முகம். நனைந்த தொப்பி, சவரம் செய்யாத தாடை, பின்னால் இடிந்த செங்கல் சுவர்கள். உங்களிடம் காட்டவென்று கை தானாக நீண்டது. பக்கத்தில் கல்லூரிக்குப் போகும் பெண் ஒருத்தி நின்றிருந்தாள். என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டுத் தள்ளிப்போய் நின்றாள்.

மாரிகுப்பத்திலிருந்து ரயில் வந்தது. இப்போதும் அதே பெட்டியில்தான் ஏறுகிறேன். இடம் கிடைத்தால் உட்காருவேன், இல்லாவிட்டால் பங்காருப்பேட்டை வரை நின்றபடிதான்.

நம் பழக்கமே அந்த இடத்தில் தொடங்கியதுதானே. நீங்கள் ரயில் புறப்படும் மாரிகுப்பத்திலேயே ஏறுகிறவர். கே.ஆர்.புரத்துக் கார்மென்ட்ஸில் காலர் தையல் சரிபார்க்கும் வேலை. நான் அடுத்த ஸ்டேஷனில் ஏறி, கண்டோன்மென்ட் பக்கத்துப் பல் ஆஸ்பத்திரிக்கு டோக்கன் கொடுக்கப் போகிறவள். கூட்டத்தில் ஒருநாள் நான் தடுமாறியபோது உங்கள் சாப்பாட்டுப் பையை மடியில் தூக்கி வைத்துக்கொண்டு இடம் கொடுத்தீர்கள். மறுநாளிலிருந்து அந்தப் பை எனக்காகவே ஜன்னலோரத்தில் உட்கார்ந்து வரும். வருஷக்கணக்கில் நமக்குள் பெரிதாக ஒரு பேச்சும் இருந்ததில்லை. வெயில், விலைவாசி, கால்வலி, அவ்வளவுதான். எனக்கு வீட்டில் யாரும் இல்லை என்று உங்களுக்குத் தெரியும். உங்கள் வீட்டுக்காரர் எங்கோ போய்விட்டார் என்று எனக்குத் தெரியும். இருவரும் அதைத் தாண்டிக் கேட்டுக்கொண்டதில்லை.

அந்தத் தொடர் என் ரீசார்ஜோடு இலவசமாக வந்தது. ஒருநாள் ரயிலில் தெரியாமல் விரல் பட்டுத் திறந்துகொண்டது. போர் முடிந்து தோற்றுப்போன ஜெர்மனியில் ஒரு நகரம். குண்டு விழுந்து பாதி வீடுகளுக்குக் கூரை இல்லை. நாற்காலிகூட இல்லாத ஒரு போலீஸ் ஸ்டேஷன். அதில் வயதான ஓர் இன்ஸ்பெக்டர். டயர் கிடைக்காமல் வெறும் சக்கரத்தில் கயிற்றைச் சுற்றி ஒரு சைக்கிள் ஓட்டுவார். கொலை, திருட்டு, காணாமல் போனவர்கள், எல்லாவற்றுக்கும் அந்தச் சைக்கிளில்தான் போவார். டப்பிங்கில் எல்லோரும் சுத்தத் தமிழில் பேசினார்கள். “அம்மையீர், தங்கள் கணவரைக் கடைசியாக எப்போது கண்டீர்கள்?” என்று அவர் கேட்டதும் நீங்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தீர்கள். நம்மைவிட இவர் நன்றாகத் தமிழ் பேசுகிறாரே என்றீர்கள். அன்றைக்கு நாம் இருவரும் என் இயர்போனை ஆளுக்கொரு காதில் மாட்டிக்கொண்டோம். பிறகு அது அப்படியே பழகிவிட்டது.

முதல் வாரத்தில் ஒரு ரொட்டிக் கடை வரிசை வந்தது. கிழிந்த கோட்டும் கையில் பாத்திரமுமாக நூறு பேர். நீங்கள் திரையைக் கிட்டே இழுத்துப் பார்த்தீர்கள்.

“இவங்கெல்லாம் துரைங்களா எஸ்தரு? துரைங்க சோத்துக்கு வரிசையில நிக்கிறத நான் பாத்ததே இல்லியே.”

நம் ஊரில் துரை என்றால் தங்கச் சுரங்கத்தை நடத்திய வெள்ளைக்காரர், பங்களாவில் இருப்பவர். பசி என்பது அவர் சம்பந்தப்பட்ட விஷயமே இல்லை. அவர்கள் வேறு நாட்டுத் துரைகள், போரில் தோற்றவர்கள் என்று விளக்கினேன். தோற்ற கதையைத் தாங்களே படமாக எடுத்துக்கொள்வார்களா என்று கேட்டீர்கள். எடுத்திருக்கிறார்களே என்றேன். ரயில் ஊர்காம் தாண்டிக்கொண்டிருந்தது. வெளியே கூரை போன பங்களா, துருப்பிடித்து நிற்கும் சுரங்க ஷாஃப்ட்டுக் கோபுரம், அதற்குப் பின்னால் தங்கம் பிரித்த கழிவு மண் குவிந்த சயனைடு மேடு. திரையையும் ஜன்னலையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, “நம்ம மேல யாரும் குண்டு போடல” என்று மட்டும் சொன்னீர்கள்.

தொடரில் பச்சைக் கோட்டுக்காரி ஒருத்தி வருவாளே. ஒவ்வொரு நாளும் ஸ்டேஷனுக்கு வந்து, போருக்குப் போன தன் புருஷனைப் பற்றித் தகவல் உண்டா என்று கேட்பாள். இல்லை என்பார்கள். போய்விடுவாள். எனக்கு அவளைப் பார்த்தால் பாவமாக இருக்கும். உங்களுக்கு ஆத்திரமாக வந்தது. இவளுக்குக் கால் இல்லையா, போய்த் தேடினால் என்ன, எதற்கு அங்கே வந்து நின்று மானத்தை விடுகிறாள் என்று முணுமுணுப்பீர்கள். ஒருநாள் அவள் வரும் காட்சியில் காதிலிருந்ததைப் பிடுங்கி என் மடியில் போட்டீர்கள். மாலூர் தாண்டிய பிறகு, ஜன்னலைப் பார்த்தபடியே, உங்கள் கதையைச் சொன்னீர்கள்.

சுரங்கம் மூடிய பிறகு உங்கள் வீட்டுக்காரர் பெங்களூரில் கட்டட வேலைக்குப் போனார். வாரம் முழுக்க அங்கே தங்கல், சனிக்கிழமை ராத்திரி ரயிலில் வீடு. உங்கள் மகன் பிரபு பத்தாவது படித்த வருஷம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர் குடித்துவிட்டு வந்ததால் உங்களுக்குள் பெரிய சண்டை. இனிமேல் இந்த வாசலை மிதிக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டுத் திங்கள் விடிகாலை போனவர், அந்தச் சனிக்கிழமை வரவில்லை. அடுத்த சனிக்கிழமையும் வரவில்லை. கே.ஆர்.புரத்தில் அவரை ஒரு பெண்ணோடு பார்த்ததாக யாரோ சொன்னார்கள். போலீஸில் சொன்னீர்கள். கோபம் தணிந்தால் வந்துவிடுவார், போம்மா என்றார்கள். ஒயிட்ஃபீல்டு பக்கத்தில் அவர் வேலை பார்த்த இடத்துக்கும் ஒருமுறை போனீர்கள். எல்லாம் புது ஆட்கள், யாருக்கும் ஒன்றும் தெரியவில்லை. அதோடு சரி. வாசலை மிதிக்க மாட்டேன் என்றவர் சொன்னதைச் செய்துவிட்டார் என்று நினைத்துக்கொண்டீர்கள். பிரபு அப்பா என்ற சொல்லையே விட்டுவிட்டான். அவன் கல்யாணப் பத்திரிகையில்கூட அவர் பெயர் இல்லை.

“நெத்தியில பொட்டு வெக்கறப்பல்லாம் அந்தாளத் திட்டிகினேதான் வெக்கிறேன்” என்றீர்கள்.

உங்கள் கையை எடுத்து என் கையில் வைத்துக்கொண்டேன். ஊசி குத்திக் குத்தி விரல் நுனியெல்லாம் காய்த்திருந்தது.

ஒரு மாதம் போயிருக்கும். தொடரில் ஒரு பிணம் கிடைத்தது. இடிபாட்டுக்குள் ஓர் ஆள், பெயர் தெரியாது. இளம் போலீஸ்காரர்கள் அவனுக்கு யார் எதிரி, யாரோடு சண்டை என்று விசாரித்துக்கொண்டிருந்தார்கள். சைக்கிள் துரை மட்டும் கஞ்சி ஊற்றும் இடங்களுக்கெல்லாம் போய், “இவன் எங்கே சாப்பிட்டான்?” என்று கேட்டார். பசித்தவனை யாராவது ஒருத்தர் பார்த்திருப்பார்கள் என்றார். நீங்கள் விரலை நீட்டிப் படத்தை நிறுத்தினீர்கள்.

“அந்தாளு எங்க துன்னாருன்னு நான் ஒருத்தரையும் கேக்கவே இல்ல எஸ்தரு. எவ கூடப் போனாருன்னுதான் கேட்டேன்.”

அந்தச் சனிக்கிழமை மாலை திரும்பும்போது ஒயிட்ஃபீல்டில் இறங்கினோம். தனியாகப் போகப் பயமாக இருக்கிறது என்று நீங்கள் சொல்லவில்லை. நானும் வருகிறேன் என்று நானும் சொல்லவில்லை. இருவரும் இறங்கினோம். அவர் வேலை பார்த்த இடத்தில் இப்போது பெரிய அடுக்குமாடி. வாசலில் நின்ற காவலாள் வடக்கத்திப் பையன், அவனுக்கு நாம் பேசியதே புரியவில்லை. இஸ்திரி வண்டிக்காரர் போன வருஷம்தான் வந்தவராம். அடுத்த சனிக்கிழமை ஆட்டோ ஸ்டாண்டில் கேட்டோம். உங்களுக்குத்தான் கன்னடம் தண்ணீராக வருமே. தலை நரைத்த ஒரு டிரைவர் யோசித்துவிட்டு, இந்தக் கட்டடம் எழும்பிய காலத்தில் கூலியாட்களுக்கெல்லாம் ரங்கம்மாதான் சமைத்துப் போட்டது, இப்போது ஏரிக்கரையில் இட்லி வண்டி போடுகிறது என்றார்.

ரங்கம்மா அப்போது பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார். எழுபது இருக்கும். நீங்கள் தெலுங்கில் பேச்சைத் தொடங்கி, கோலார் தங்க வயலிலிருந்து ஓர் ஆள் இங்கே சாப்பிட்டதுண்டா என்று கேட்டீர்கள். பேரைக்கூடச் சொல்லவில்லை. அந்தம்மா கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு உங்களை மேலும் கீழும் பார்த்தார்.

“சாம்பாருக்குப் புளி கம்மியா போடறவ நீதானா?”

உங்கள் முகம் அப்போது எப்படி ஆனது என்று இன்றுவரை என்னால் எழுத முடியவில்லை.

தினமும் தட்டின் முன் உட்கார்ந்ததும் உங்கள் வீட்டுக்காரருக்கு அதுதான் பேச்சாம். என் வீட்டுக்காரி இவ்வளவு புளி ஊற்ற மாட்டாள், உன் சாம்பாரைத் தின்றால் பல் கூசுகிறது என்பாராம். திட்டிக்கொண்டே இரண்டு தடவை வாங்கிச் சாப்பிடுவாராம். இடது கைச் சுண்டுவிரல் பாதி இருக்காது என்று அந்தம்மாவே சொன்னார். சுரங்கத்தில் மெஷினில் போன விரல். நீங்கள் தலையை மட்டும் ஆட்டினீர்கள்.

பிறகு ரங்கம்மா ஒரு பிளாஸ்டிக் ஸ்டூலை இழுத்துப் போட்டு உங்களை உட்கார வைத்தார். மழை பெய்து ஓய்ந்த ஒரு சனிக்கிழமை. அஸ்திவாரத்துக்குத் தோண்டிய பள்ளத்தில் இறங்க மற்றவர்கள் தயங்கினார்கள். பூமிக்குள் மைல் கணக்கில் போய் வந்தவன், எனக்கு இது ஒரு பள்ளமா என்று சிரித்துக்கொண்டே இவர் இறங்கினார். பக்கச் சுவர் சரிந்துவிட்டது. மண்ணை அள்ளி எடுக்கும்போது ஒன்றும் இல்லை. அங்கே எல்லோருக்கும் அவர் ‘கோலார் அண்ணா’தான், நிஜப் பெயர் தெரிந்தவர் இல்லை. மேஸ்திரி கோலாருக்கு ஆள் அனுப்பி விசாரித்தான். கோலார் டவுனில் யாருக்கு இவரைத் தெரியும்? தங்க வயல் என்று வேறு ஓர் ஊர் இருப்பது போனவனுக்குத் தெரியவில்லை. கான்ட்ராக்டர் கேஸுக்குப் பயந்து ஓடிவிட்டான். கூட வேலை செய்தவர்களே ஏரிக்குப் பின்னால் இருக்கும் இடுகாட்டில் அடக்கம் செய்தார்கள். ரங்கம்மா ஒரு முழம் பூ வாங்கிப் போட்டார்.

நீங்கள் அழவில்லை. அதற்கு முந்தின நாள் அவர் ஏதாவது சொன்னாரா என்று கேட்டீர்கள்.

“சொன்னாரு. நாளைக்கு ராத்திரி எனக்குச் சோறு வெக்காத, ஊருக்குப் போறேன்னாரு.”

அதை எனக்குத் தமிழில் சொல்லத் தொடங்கிய நீங்கள் பாதியில் நிறுத்திக்கொண்டீர்கள். எனக்கும் அந்த அளவு தெலுங்கு புரியும் என்பதை நீங்கள் மறந்துவிட்டீர்கள்.

இடுகாட்டு வெட்டியான் இடத்தைச் சரியாகக் காட்டவில்லை. இந்தப் பக்கம்தான், அந்த வேப்ப மரத்துக்கும் சுவருக்கும் நடுவில் என்றார். நெருஞ்சி முளைத்துக் கிடந்தது. செருப்பைக் கழற்றிவிட்டுப் போய் நடுவில் நின்றீர்கள். கொஞ்ச நேரம் தரையையே பார்த்தீர்கள்.

“இன்னாய்யா,” என்றீர்கள், “இங்கியா இருந்த?”

அக்கம்பக்கத்து வீட்டில் தேடிக் கண்டுபிடித்த ஆளிடம் கேட்பதைப் போலத்தான் கேட்டீர்கள். நான் சுவரோரம் திரும்பி நின்றுகொண்டேன்.

அன்றைக்கு ரயிலில் தொடர் பார்க்கவில்லை. பங்காருப்பேட்டையில் வண்டி நின்று எஞ்சின் மாறுகிற நேரத்தில்தான் வாய் திறந்தீர்கள். இத்தனை வருஷமும் ஒரு செத்த மனுஷனைத் திட்டிக்கொண்டு இருந்திருக்கிறேனே என்றீர்கள். அவருக்குக் கேட்டிருக்காது அக்கா என்றேன். “கேக்காட்டியும் பரவால்ல. திட்றதுக்காவது எனக்கு ஒரு ஆளு இருந்தாரு” என்றீர்கள்.

ஓசூரில் வேலை பார்க்கும் பிரபுவிடம் போய் நீங்களே சொன்னீர்கள். அவன் சாப்பாட்டில் பாதியில் எழுந்து கை கழுவிவிட்டு வெளியே போனானாம். ஆனால் அடுத்த வாரமே விடுப்புப் போட்டுவிட்டு இடுகாட்டுக்குத் தனியாகப் போய், வேப்ப மரத்தடியில் அப்பா பெயர் பொறித்த ஒரு கல் நட்டுவிட்டு வந்தான். மாரிகுப்பத்தில் உறவுக்காரப் பெண்கள் இனித் தாலியைக் கழற்ற வேண்டாமா என்று கேட்டதற்கு, கழற்ற வேண்டிய நேரத்தில் எவளும் வந்து சொல்லவில்லை, இப்போது அது என் பாடு என்று சொல்லிவிட்டீர்கள். பொட்டும் வைத்தீர்கள். கொஞ்சம் சின்னதாக.

தொடரை முடித்தோமே, நினைவிருக்கிறதா? பச்சைக் கோட்டுக்காரியின் புருஷன் உயிரோடு இருந்தான். வேறு பெயர், வேறு குடும்பம், வேறு ஊர். சைக்கிள் துரைக்கு அது தெரிந்துவிட்டது. சொல்வதா வேண்டாமா என்று ஒரு பகுதி முழுக்க மனுஷன் சைக்கிளைத் தள்ளிக்கொண்டே நடந்தார். கடைசியில் சொல்லிவிட்டார். அவள் ரயிலேறிப் போய், ஜன்னல் வழியாக அவன் குழந்தைக்கு ரொட்டி பிட்டுக் கொடுப்பதைப் பார்த்துவிட்டுத் தட்டாமலே திரும்பினாள். முடிந்ததும் காதிலிருந்ததைக் கழற்றிச் சுருட்டி என் கையில் வைத்தீர்கள்.

“அவளுக்கு ஆளு உயிரோட கெடச்சான். எனக்கு மண்ணுதான் கெடச்சுது. இருந்தாலும் நான் அவளா இருக்க ஒத்துக்க மாட்டேன்.”

அதன் பிறகு நீங்கள் இளைத்தீர்கள். படியேறினால் மூச்சு வாங்கியது. நெஞ்சுவலி என்று ஒரு வாரம் ஆஸ்பத்திரியில் வைத்திருந்தார்கள். நான் மாலையில் வந்து உட்காருவேன். ஆரஞ்சு உரித்துக் கொடுத்தால் பாதியை எனக்கே திருப்பித் தருவீர்கள். ஒருநாள் திடீரென்று கேட்டீர்கள்.

“நான் ஒரு நாள் ரயிலுக்கு வரலன்னா நீ தேடிகினு வந்துடுவ. இல்லன்னா பிரபு வருவான். நீ வரலன்னா யாரு எஸ்தரு தேடுவாங்க?”

டோக்கன் கொடுக்க ஆள் இல்லையே என்று டாக்டர் தேடுவார் என்று சிரித்து மழுப்பினேன். நீங்கள் சிரிக்கவில்லை.

ஐப்பசி மழையில் ஒரு காலை ரயில் வந்து நின்றபோது ஜன்னலோரத்தில் யாரோ ஒரு கிழவர் உட்கார்ந்திருந்தார். உங்கள் எண்ணுக்கு அடித்தேன், மணி போய்க்கொண்டே இருந்தது. ஊர்காமில் இறங்கி ஆட்டோ பிடித்து மாரிகுப்பம் வந்தேன். பக்கத்து வீட்டார் அப்போதுதான் கதவைத் திறந்திருந்தார்கள். தூக்கத்திலேயே போயிருக்கிறீர்கள். மறுநாளுக்கென்று ராத்திரியே எடுத்து வைத்த சாப்பாட்டுப் பை வாசலருகே தயாராக இருந்தது. பிரபு வரும்வரை நான்தான் உங்கள் பக்கத்தில் இருந்தேன்.

அதற்கு அடுத்த ஞாயிறு, கோயில் ஆராதனை முடிந்து வந்து, அடுப்பைப் பற்ற வைக்க மனமில்லாமல் உட்கார்ந்திருந்தேன். தெரியாத எண்ணிலிருந்து அழைப்பு. எடுத்தால் ரங்கம்மா.

“உன்னாவா?”

இருக்கிறாயா என்று தெலுங்கில் கேட்டார். வேறு ஒன்றும் இல்லை. “உன்னா” என்றேன், இருக்கிறேன் என்று. சரி என்று வைத்துவிட்டார். எனக்கு ஒன்றும் புரியாமல் திரும்ப அழைத்துக் கேட்டேன். நீங்கள் ஆஸ்பத்திரியிலிருந்து வந்த மறுவாரம் அவரைப் போய்ப் பார்த்தீர்களாம். எனக்கு ஒன்று ஆகிவிட்டால் பிரபு சொல்வான், அதிலிருந்து ஞாயிற்றுக்கிழமை தோறும் எஸ்தருடைய இந்த எண்ணுக்கு ஒரு போன் போடு, எடுக்காவிட்டால் ரயிலேறிப் போய்க் கதவைத் தட்டு என்று சொல்லி வைத்தீர்களாம். வழியும் சொல்லிக் கொடுத்திருக்கிறீர்கள். கோலார் டவுன் இல்லை, தங்க வயல், சாம்பியன் ரீப்ஸ், சர்ச்சுக்குப் பின்வரிசையில் நீலக் கதவு. தப்பில்லாமல் சொல்லும்வரை விடவில்லையாம். போனை வைத்த பிறகு, நீங்கள் போனதிலிருந்து அன்றைக்குத்தான் வாய்விட்டு அழுதேன்.

அதிலிருந்து ஒரு ஞாயிறும் தவறவில்லை. சில வாரம் ஆஸ்பத்திரிப் பேச்சைத் தவிர நான் வாய் திறந்து பேசுவது அந்த ஒரு சொல் மட்டுமாகத்தான் இருக்கும். நேற்று ரயிலில் இரண்டாம் பாகத்தைத் தொடங்கினேன். சைக்கிளுக்குப் புது டயர் வந்திருக்கிறது. அது நன்றாக இல்லை. பாதியில் நிறுத்திவிட்டேன்.

போன ஞாயிறு ரங்கம்மாவின் குரல் கம்மியிருந்தது. இருமிக்கொண்டே கேட்டார். இருக்கிறேன் என்றேன். வழக்கம்போல வைக்கப் போனார். அப்போதுதான் எனக்குத் தோன்றியது, இத்தனை மாதத்தில் நான் அவரை ஒருமுறையும் கேட்டதில்லை. எனக்கு வந்த தெலுங்கும் மறந்துவிட்டது. தமிழிலேயே கேட்டேன்.

“நீங்க இருக்கீங்களா ரங்கம்மா?”

அந்தப் பக்கம் வண்டிகள் போகிற ஓசை மட்டும் கேட்டது. பிறகு மெல்ல, “உன்னானம்மா” என்றார்.

இந்த ஞாயிறு அவர் கூப்பிடும்வரை காத்திருக்கப் போவதில்லை அக்கா. நானே கூப்பிடுவேன்.

எஸ்தர்